அரியணையிலிருந்து இறங்கும் வழி

2023 டிசம்பர் 31 அன்று மாலை, டென்மார்க் மக்கள் வழக்கம்போலத் தங்கள் அரசியின் புத்தாண்டு உரையைக் கேட்பதற்காகத் தொலைக்காட்சியின் முன் அமர்ந்திருந்தனர். வாழ்த்துகளுக்கும் அறிவுரைகளுக்கும் இடையே, ஜனவரி 14 அன்று தாம் அரியணையிலிருந்து விலகப்போவதாக அரசி இரண்டாம் மார்கரெத் அறிவித்தார். அவர் முடிசூடி அன்றோடு 52 ஆண்டுகள் நிறைவடையும். முதுகில் செய்துகொண்ட அறுவை சிகிச்சை தம்மை எதிர்காலம் குறித்துச் சிந்திக்க வைத்ததாக அவர் கூறினார். அறிவித்தபடியே அவர் விலக, மகன் பத்தாம் ஃபிரெடரிக் மன்னரானார். ஒரு துளி இரத்தம் சிந்தவில்லை. ஒரு கடைகூட அடைக்கப்படவில்லை.

டென்மார்க்கில் இதற்கு முன்பு ஒரு மன்னர் தாமாக முடிதுறந்தது 1146-ஆம் ஆண்டில். ஏறத்தாழ 900 ஆண்டுகளில் ஒரே ஒரு முறை. உலக வரலாறு முழுவதையும் புரட்டினாலும் நிலை இதுதான். மன்னர்கள் நோயால் மடிந்திருக்கிறார்கள், போரில் வீழ்ந்திருக்கிறார்கள், உறவினர்களால் கொல்லப்பட்டிருக்கிறார்கள். தாமாக எழுந்து சென்றவர்கள் மிகச் சிலரே.

இதற்குப் பதவி ஆசை என்று ஒரே சொல்லில் விடை கூறிவிடலாம். ஆசை உண்டு என்பதில் ஐயமில்லை. ஆனால், அது மட்டுமே காரணமென்றால், ஐரோப்பாவில் கடந்த சில பத்தாண்டுகளில் அரசர்களும் அரசிகளும் வரிசையாக விலகியது ஏன்? மனித மனம் திடீரென மாறிவிட்டதா? மாறியது மனமன்று; விலகுவதற்கான விலை. அந்த விலையைப் புரிந்துகொண்டால், முடிதுறப்பின் வரலாறு இன்றைய அதிகாரத்தைப் பற்றியும் நமக்குச் சில பாடங்களைத் தரும்.

துறத்தல் என்பது நமக்குப் புதிய கருத்தன்று. சந்திரகுப்த மௌரியர் அரசைத் துறந்து, சரவணபெளகொளாவில் உண்ணா நோன்பிருந்து உயிர்நீத்தார் என்பது சமண மரபு. தம் மக்களோடு முரண்பட்டு, உறையூரை விட்டு நீங்கி வடக்கிருந்து உயிர்துறந்த கோப்பெருஞ்சோழனின் வரலாற்றைப் புறநானூறு நமக்குச் சொல்கிறது. இவை அறத்தின் பெயராலும் மானத்தின் பெயராலும் நிகழ்ந்த துறவுகள். அரசைத் துறந்தவர் வாழ்வையும் துறந்தார் என்பதால், துறந்த பிறகு அவரை என்ன செய்வது என்ற கேள்வி எழவேயில்லை.

அரசியலில் கடினமான கேள்வி அதுதான். நேற்றுவரை மன்னராயிருந்த ஒருவர் இன்று உயிரோடு, உடல்நலத்தோடு, செல்வாக்கோடு நம்மிடையே இருக்கிறார். அவருக்கு எங்கே வீடு? யார் சோறு போடுவது? அவர் திரும்பி வந்தால் என்ன செய்வது? புதிய மன்னர் அவரை அஞ்சுவாரா? அவர் புதிய மன்னரை அஞ்சுவாரா?

இக்கேள்விகளுக்கு விடை காண முயன்றவர்களில் முதன்மையானவர் ரோமப் பேரரசர் டையோகிளீஷன். கி.பி. 284-இல் ஆட்சிக்கு வந்த அவர், பரந்த பேரரசை ஒருவர் ஆள இயலாது என்று உணர்ந்து, 293-இல் நால்வர் ஆட்சி முறையை நிறுவினார். இரண்டு மூத்த பேரரசர்கள். அவர்களுக்குக் கீழே இரண்டு இளைய பேரரசர்கள். மூத்தவர்கள் விலகும்போது இளையவர்கள் அந்த இடத்துக்கு உயர்வார்கள். பொருளியல் மாணவர்கள் டையோகிளீஷனை வேறொரு காரணத்துக்காக அறிவர். 301-ஆம் ஆண்டு ஆயிரத்துக்கும் மேற்பட்ட பொருள்களுக்கும் கூலிகளுக்கும் உச்சவரம்பு விலையை நிர்ணயித்து ஆணையிட்டுத் தோல்வி கண்டவர் அவர். விலையைக் கட்டுப்படுத்த முடியாத அவர், வாரிசுரிமையைக் கட்டுப்படுத்திவிடலாம் என்று நம்பினார்.

305 மே 1 அன்று டையோகிளீஷன் நிகோமீடியாவிலும், சக பேரரசர் மாக்சிமியன் மிலானிலும் ஒரே நாளில் பதவி விலகினர். டையோகிளீஷன், இன்றைய குரோஷியாவின் ஸ்ப்ளிட் நகரில் தாம் கட்டிய கடற்கரை மாளிகைக்குச் சென்று தோட்டம் வளர்த்தார். மீண்டும் ஆட்சிக்கு வருமாறு அழைத்தவர்களிடம், தம் கையால் நட்டு வளர்த்த முட்டைக்கோசைப் பார்த்தால் இப்படிக் கேட்கமாட்டீர்கள் என்று அவர் கூறியதாக ஒரு பழைய செய்தி உண்டு.

கதை அத்துடன் முடிந்திருந்தால் இனிமையாக இருந்திருக்கும். ஆனால், டையோகிளீஷனின் திட்டத்தில் இரண்டு ஓட்டைகள் இருந்தன. பேரரசர்களின் மகன்களான கான்ஸ்டன்டைனும் மாக்சென்டியசும் பதவிப் பட்டியலில் சேர்க்கப்படவில்லை. படைகளோ பிறப்புரிமையை மதித்தன. 306-இல் கான்ஸ்டன்டைனை அவருடைய தந்தையின் படைகள் பேரரசராக அறிவித்தன. மாக்சென்டியஸ் ரோமில் கிளம்பினார். அரைமனதோடு விலகிய மாக்சிமியன் மீண்டும் களத்தில் குதித்தார். உள்நாட்டுப் போர் வெடித்தது.

இரண்டாவது ஓட்டை இன்னும் கொடியது. அதிகாரத்தைக் கைவிட்டவர் தம் குடும்பத்தைக் காக்கும் ஆற்றலையும் கைவிட்டிருந்தார். டையோகிளீஷனின் மகள் வலேரியா நாடு கடத்தப்பட்டபோது, அவரைத் தம்மிடம் அனுப்புமாறு தந்தை விடுத்த வேண்டுகோள்களுக்கு எவரும் செவிசாய்க்கவில்லை. அவர் மறைந்த பிறகு மனைவி பிரிஸ்காவும் மகளும் கொல்லப்பட்டனர். ஒரு காலத்தில் அவருடைய சொல்லே சட்டமாயிருந்த நாட்டில் அவருடைய மன்றாட்டுக்கு மதிப்பில்லாமல் போயிற்று. பின்வந்த மன்னர்கள் முட்டைக்கோசின் கதையை மட்டும் நினைவில் வைத்திருக்கவில்லை. இதையும் நினைவில் வைத்திருந்தனர்.

இப்படிப்பட்ட வாரிசுப் போட்டியைத் தவிர்க்கச் சோழர்கள் கையாண்ட வழி வேறு. முதலாம் இராசராசன் தம் வாழ்நாளிலேயே, 1012-இல், மகன் இராசேந்திரனுக்கு இளவரசுப் பட்டம் சூட்டி ஆட்சியில் இணைத்துக்கொண்டார். இராசேந்திரனும் 1018-இல் தம் மகன் இராசாதிராசனை அவ்வாறே இணைத்துக்கொண்டார். மூத்தவர் விலகவும் இல்லை. இளையவர் காத்துக் கிடக்கவும் இல்லை. முடிதுறப்பின் பயனை முடிதுறக்காமலேயே பெறும் ஏற்பாடு இது.

ஐரோப்பாவின் மிகப் புகழ்பெற்ற முடிதுறப்பு பேரரசர் ஐந்தாம் சார்லஸுடையது. ஸ்பெயின், நெதர்லாந்து, ஆஸ்திரியா, இத்தாலியின் பெரும்பகுதி, அமெரிக்கக் கண்டத்தின் புதிய நிலங்கள் என அவருடைய ஆட்சிப் பரப்பு விரிந்திருந்தது. 1555 அக்டோபர் 25 அன்று பிரஸ்ஸல்ஸ் அரண்மனையில், கீல்வாதத்தால் நிற்கவும் இயலாத நிலையில், இளைஞர் ஒருவரின் தோளைப் பற்றியபடி அவர் அவைக்குள் நுழைந்தார். தம் பயணங்களையும் போர்களையும் எண்ணிச் சொல்லி, பிழைகளுக்கு மன்னிப்புக் கேட்டு, நெதர்லாந்தை மகன் பிலிப்பிடம் ஒப்படைத்தார். அடுத்த ஆண்டின் தொடக்கத்தில் ஸ்பெயினின் முடியையும் மகனுக்கே அளித்தார். பேரரசர் பட்டம் தம்பி ஃபெர்டினாண்டுக்குச் சென்றது.

அன்று அவருக்குத் தோள் கொடுத்த இளைஞர் ஆரஞ்சு வில்லியம். பின்னாளில் பிலிப்பின் ஆட்சிக்கு எதிராக நெதர்லாந்தின் கிளர்ச்சிக்குத் தலைமையேற்றவர் அவரே. வரலாறு சில நேரங்களில் இப்படியும் காட்சிகளை அமைக்கிறது.

ஐந்தாம் சார்லஸின் விலகலைத் துறவு என்று போற்றியவர்கள் பலர். பொருளியல் கண்ணோடு பார்ப்பவருக்கு அங்கே ஒரு கணக்குப் புத்தகமும் தெரியும். 1519-இல் பேரரசராகத் தேர்ந்தெடுக்கப்படுவதற்கே அவர் ஆக்ஸ்பர்க் நகரின் ஃபுக்கர் வணிகக் குடும்பத்திடம் பெருந்தொகை கடன் வாங்கினார். அதன் பிறகு பிரான்ஸோடும், துருக்கியரோடும், ஜெர்மனியின் சீர்திருத்தக் கிறிஸ்தவச் சிற்றரசர்களோடும் ஓயாத போர். அமெரிக்காவிலிருந்து வந்த வெள்ளி கரை சேருமுன்பே அடமானம் வைக்கப்பட்டிருந்தது. அவர் விலகியதை அடுத்து, 1557-இல், மகன் இரண்டாம் பிலிப் கடன்களைத் திருப்பித் தருவதை நிறுத்திவைத்தார். தந்தை முடியோடு கடனையும் சேர்த்தே இறக்கி வைத்திருந்தார்.

யூஸ்தே மடத்தை ஒட்டிய இல்லத்தில் கடிகாரங்களோடும் வழிபாட்டோடும் வாழ்ந்து, 1558 செப்டம்பரில் அவர் மறைந்தார். அங்கும் அரசியல் கடிதங்கள் அவரைத் தேடி வந்தன என்றாலும், அவர் திரும்பிவர முயலவில்லை. அதுவே அவருடைய முடிதுறப்பு வெற்றி பெற்றதற்கு முதன்மைக் காரணம்.

திரும்பிவர முயன்றவர்களும் உண்டு. ஸ்பெயின் மன்னர் ஐந்தாம் பிலிப் 1724 ஜனவரியில் மகன் லூயிக்காக விலகினார். ஆகஸ்டில் பெரியம்மை மகனைப் பலிகொள்ள, தந்தை மீண்டும் அரியணை ஏறினார். சார்டினியாவை ஆண்ட இரண்டாம் விக்டர் அமேதியஸின் கதை இன்னும் துயரமானது. 1730-இல் மகனுக்கு முடிசூட்டிவிட்டு மறுமணத்தோடு ஓய்வு வாழ்வைத் தொடங்கிய அவர், ஓராண்டிலேயே மனம் மாறினார். ஆட்சியைத் திருப்பிக் கேட்டார். மகன் தந்தையைக் கைது செய்து காவலில் வைத்தார். 1732-இல் தந்தை காவலிலேயே இறந்தார். மகனைக் கொடியவன் என்று சொல்லிவிடுவது எளிது. ஆனால், ஒரு நாட்டில் இரண்டு மன்னர்கள் இருக்க முடியாது என்ற உண்மை இருவரையும் விடப் பெரியது.

ஜப்பானில் இந்த உண்மை வேறு வடிவம் எடுத்தது. 1086-இல் பேரரசர் ஷிரகாவா அரியணையைத் தம் இளம் மகனுக்கு விட்டுக்கொடுத்தார். ஆனால், அதிகாரத்தை விட்டுக்கொடுக்கவில்லை. 1129-இல் இறக்கும்வரை, ஓய்வுபெற்ற பேரரசராக இருந்தபடியே நாட்டை ஆண்டார். சடங்குகளும் மரபுகளும் அரியணையில் இருப்பவரைக் கட்டிப்போட்டன. விலகியவருக்கோ அந்தத் தளை இல்லை. ஜப்பானியப் பேரரசர்களில் ஏறத்தாழப் பாதிப் பேர் வாழ்நாளிலேயே விலகியவர்கள். அவர்களுள் சிலருக்கு விலகல் என்பது ஆட்சியின் முடிவாக அல்லாமல் தொடக்கமாக இருந்தது.

இனிப் பணத்துக்கு வருவோம். விலகும் மன்னருக்கு வாழ்வூதியம் வேண்டும். ஸ்வீடன் அரசி கிறிஸ்டினா 1654 ஜூனில், தமது 27-ஆம் வயதில், உப்சாலாவில் முடிதுறந்தார். சீர்திருத்தக் கிறிஸ்தவத்தின் காவலராகப் போர்க்களத்தில் உயிர்விட்ட மன்னர் குஸ்தாவ் அடால்ஃபின் மகள், கத்தோலிக்க சமயத்தைத் தழுவி ரோமில் குடியேறினார். விலகுமுன் சில தீவுகளின் வருவாயையும் பிற நிலங்களின் வருவாயையும் தமக்கென உறுதி செய்துகொண்டார். ஆனால், அவர் ஆட்சிக்காலத்தில் அரச நிலங்களைப் பிரபுக்களுக்கு வாரி வழங்கியதால் கருவூலம் மெலிந்திருந்தது. அடுத்த ஆண்டே, வழங்கிய நிலங்களில் ஒரு பகுதியைத் திரும்பப் பெறப் புதிய மன்னர் முடிவெடுத்தார். போர்கள் மூண்டபோது ரோமுக்கு வரவேண்டிய பணம் தடைப்பட்டது. 1689-இல் இறக்கும்வரை வருவாய்க்கான கடிதப் போராட்டம் கிறிஸ்டினாவை விடவில்லை.

நெப்போலியனின் நிகழ்வு இதைவிடப் பெரிய பாடம். 1814 ஏப்ரலில் அவர் முடிதுறந்தபோது செய்துகொள்ளப்பட்ட ஃபோன்டேன்ப்ளோ உடன்படிக்கை, அவருக்கு எல்பா தீவின் ஆட்சியையும் ஆண்டுக்கு 20 லட்சம் பிராங்க் உதவித் தொகையையும் உறுதியளித்தது. தொகையைத் தரவேண்டியது பிரான்ஸ் அரசு. அதாவது, அவருடைய இடத்தில் அமர்ந்த பதினெட்டாம் லூயி. அவர் தரவில்லை. எல்பாவின் சொந்த வருவாயோ நெப்போலியனின் சிறுபடையைப் பேணவும் போதவில்லை. அவரை இன்னும் தொலைதூரத் தீவுக்கு மாற்றிவிடலாம் என்ற பேச்சும் எழுந்தது. 1815 பிப்ரவரி இறுதியில் அவர் எல்பாவிலிருந்து கப்பலேறினார். அடுத்து வந்த நூறு நாள் ஆட்சியும் வாட்டர்லூவும் நாம் அறிந்தவை. நெப்போலியன் திரும்பியதற்குப் பணம் மட்டுமே காரணமன்று. ஆயினும், மிச்சப்படுத்திய அந்த 20 லட்சத்துக்கு ஐரோப்பா கொடுத்த விலை மிக அதிகம்.

ஒரு நூற்றாண்டுக்குப் பிறகு சீனாவில் இதே நாடகம் நடந்தது. 1912 பிப்ரவரி 12 அன்று, ஆறு வயதே நிரம்பிய பேரரசர் பூயியின் பெயரால் பேரரசி லோங்யு முடிதுறப்பு ஆணையை வெளியிட்டார். பட்டப்பெயர் நீடிக்கும், அரண்மனையில் தங்கலாம், ஆண்டுக்கு 40 லட்சம் டேல் வெள்ளி வழங்கப்படும் என்று புதிய குடியரசு எழுத்துபூர்வமாக உறுதியளித்தது. வெள்ளி ஒழுங்காக வரவில்லை. 1924 நவம்பரில் படைத்தலைவர் ஒருவர் பூயியை அரண்மனையிலிருந்தே வெளியேற்றினார். வாக்குறுதி பொய்த்த அந்த இளைஞர் ஜப்பானியரிடம் அடைக்கலம் தேடியதும், பின்னர் மஞ்சுகுவோவின் பொம்மைப் பேரரசராக்கப்பட்டதும் கிழக்காசியாவின் கறுப்புப் பக்கங்கள்.

இம்மூன்று நிகழ்வுகளுக்கும் பொதுவான ஒரு முடிச்சு உண்டு. பொருளியலில் இதைக் கடப்பாட்டுச் சிக்கல் என்பர். ஒரு பேரத்தில் ஒருவர் தம்மிடமுள்ளதை இன்றே கொடுத்துவிட வேண்டும். மற்றவர் தம் பங்கை நாளை கொடுப்பார். நாளை அவர் கொடுக்க மறுத்தால் கட்டாயப்படுத்த ஒரு நீதிமன்றம் வேண்டும். வீடு விற்பவருக்குப் பத்திரப் பதிவும் நீதிமன்றமும் துணை நிற்கின்றன. அரியணையை விற்பவருக்கு? அவர் கொடுத்துவிட்ட அந்த அதிகாரமே நாட்டின் உச்ச நீதிமன்றம். வாக்குறுதி அளித்தவரே அதற்கு நீதிபதியும் ஆகிவிடுகிறார். ஆகவே, அறிவுள்ள மன்னர் எவரும் வாக்குறுதியை நம்பி இறங்கமாட்டார். புலி வாலைப் பிடித்தவன் நிலை இதுதான். பிடித்திருப்பது ஆசையால் அன்று. விட்டால் என்னவாகும் என்ற அச்சத்தால்.

அந்த அச்சத்தால் காலம் தாழ்த்தியவர்கள் எல்லாவற்றையும் இழந்தனர். 1917 மார்ச்சில் ரஷியப் பேரரசர் இரண்டாம் நிக்கோலஸ், ஸ்கோவ் நகரில் நின்ற ரயில் பெட்டியில் முடிதுறப்பில் கையொப்பமிட்டார். படைத்தளபதிகளே தந்தி வாயிலாக விலகுமாறு வேண்டிய பின்னரே அவர் இசைந்தார். நோயுற்றிருந்த 12 வயது மகன் அலெக்சியைப் பிரிய மனமின்றி, மகனுக்காகவும் தாமே துறந்து, தம்பி மிக்கேலுக்கு அரசுரிமையை மாற்றினார். மகனின் உரிமையைத் தந்தை துறக்கப் பேரரசின் வாரிசுரிமைச் சட்டத்தில் இடமில்லை. மறுநாளே மிக்கேல், மக்கள் தேர்ந்தெடுக்கும் அரசமைப்பு அவை கேட்டுக்கொண்டாலன்றி முடியை ஏற்கமாட்டேன் என்று கூறிவிட்டார். 304 ஆண்டு ரோமனோவ் ஆட்சி இரண்டு காகிதங்களில் முடிந்தது. 1918 ஜூலையில் நிக்கோலஸின் குடும்பமே சுட்டுக் கொல்லப்பட்டது.

ஜெர்மனியின் கெய்சர் இரண்டாம் வில்ஹெல்முக்குத் தாமே விலகும் வாய்ப்புகூடக் கிட்டவில்லை. பேரரசர் பட்டத்தை விட்டுவிட்டு பிரஷ்ய மன்னர் பட்டத்தை மட்டும் வைத்துக்கொள்ளலாமா என்று அவர் எண்ணிக்கொண்டிருந்தபோதே, 1918 நவம்பர் 9 அன்று பிரதமர் இளவரசர் மாக்ஸ் அவர் முடிதுறந்துவிட்டதாக அறிவித்தார். மறுநாள் நெதர்லாந்துக்கு ஓடிய வில்ஹெல்ம், நவம்பர் 28 அன்றுதான் ஆவணத்தில் கையொப்பமிட்டார்.

நம் நாட்டிலும் முடிதுறப்பு என்ற பெயரில் முடிபறிப்புகள் நடந்தன. பஞ்சாபின் நாபா சமஸ்தான மன்னர் ரிபுதமன் சிங், தேசிய இயக்கத்தினரிடமும் அகாலிகளிடமும் பரிவு காட்டியவர். அண்டை சமஸ்தானமான பாட்டியாலாவுடன் இருந்த பூசலைக் காரணமாக்கி, 1923 ஜூலையில் ஆங்கில அரசு அவரை முடிதுறக்கச் செய்தது. அதை எதிர்த்து அகாலிகள் ஜெய்தோவில் நடத்திய போராட்டத்தைக் காணச் சென்ற ஜவாஹர்லால் நேருவும், அவருடன் சென்ற கித்வானியும், நம் தமிழகத்தைச் சேர்ந்த கே. சந்தானமும் நாபா சிறையில் அடைக்கப்பட்டனர். 1928-இல் ரிபுதமன் சிங்கின் பட்டமும் பறிக்கப்பட்டு, அவர் கொடைக்கானலுக்கு அனுப்பப்பட்டார். 1942-இல் அங்கேயே மறைந்தார். தாமாக விரும்பி விலகியதாக ஆவணத்தில் எழுதப்பட்ட ஒருவர், ஊர் திரும்ப அனுமதியின்றி, தம் மண்ணிலிருந்து வெகு தொலைவில் ஒரு மலையூரில் வாழ்ந்து முடிந்தார்.

விடுதலைக்குப் பின் சமஸ்தானங்கள் இந்தியாவோடு இணைந்தபோது மன்னர்களுக்கு மானியம் வழங்க அரசமைப்புச் சட்டத்தின் 291-ஆவது பிரிவு உறுதியளித்தது. 1970-இல் மன்னர்களின் அங்கீகாரத்தை ரத்து செய்த குடியரசுத் தலைவரின் ஆணை செல்லாது என்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1971-இல் 26-ஆவது திருத்தத்தின் வாயிலாக மானியம் ஒழிக்கப்பட்டது. சமத்துவத்தை அடிப்படையாகக் கொண்ட குடியரசில் பிறப்பால் வரும் மானியத்துக்கு இடமில்லை என்ற வாதம் வலுவானது. அதில் எனக்கும் உடன்பாடே. ஆயினும், கடப்பாட்டுச் சிக்கலுக்கு இதுவும் ஓர் எடுத்துக்காட்டு. நெப்போலியனுக்கும் பூயிக்கும் வாய்க்காத ஒன்று நம் மன்னர்களுக்கு வாய்த்தது. அரசின் மீது வழக்குத் தொடுத்து வெல்ல அவர்களால் முடிந்தது. வாக்குறுதியை மீற அரசும் நாடாளுமன்றத்தின் வழியே செல்ல வேண்டியிருந்தது.

சட்டத்தின் இந்த வலிமைதான் இருபதாம் நூற்றாண்டு தந்த மாற்றம். 1936 டிசம்பர் 10 அன்று பிரிட்டிஷ் மன்னர் எட்டாம் எட்வர்ட், மணவிலக்குப் பெற்ற வாலிஸ் சிம்ப்சனை மணப்பதற்காக முடிதுறந்ததைக் காதல் கதையாகவே பலரும் அறிவர். சட்டத்தின் பார்வையில் அவருடைய கையொப்பம் மட்டும் போதுமானதாக இல்லை. மறுநாள் நாடாளுமன்றம் சட்டம் இயற்றிய பிறகே விலகல் நிறைவுற்றது. கனடா, ஆஸ்திரேலியா உள்ளிட்ட டொமினியன்களின் இசைவும் தேவைப்பட்டது. அயர்லாந்து டிசம்பர் 12 அன்றுதான் தனிச் சட்டம் இயற்றியது. அதனால் ஒரு நாள் மட்டும் லண்டனில் ஒருவரும் டப்ளினில் மற்றொருவரும் மன்னராக இருந்தனர். சாண்ட்ரிங்ஹாம், பால்மோரல் மாளிகைகள் எட்வர்டின் தனிச்சொத்து என்பதால், புதிய மன்னரான தம்பி ஆறாம் ஜார்ஜ் அவற்றை அண்ணனிடமிருந்து விலைகொடுத்து வாங்கினார். நிக்கோலஸும் எட்வர்டும் உறவினர்கள். ஒருவர் குடும்பத்தோடு மடிந்தார். மற்றவர் 1972 வரை வாழ்ந்தார். இடையே இருந்த வேறுபாடு குணத்தில் இல்லை, சட்டத்தில் இருந்தது.

நெதர்லாந்தில் விலகல் ஒரு மரபாகவே ஆகிவிட்டது. வில்ஹெல்மினா 1948-இலும், யூலியானா 1980-இலும், பியாட்ரிக்ஸ் 2013-இலும் அடுத்தடுத்து விலகினர். மூவரும் அரசி என்ற பட்டத்தைக் கழற்றிவைத்து மீண்டும் இளவரசி ஆயினர். ஒரு சொல்லைத் திருத்துவதுதான் இது. ஆனால், ஒரு நாட்டுக்கு ஒரே அரசர் என்பதை அந்தச் சொல் ஐயமின்றி உணர்த்துகிறது.

ஜப்பானில் 1889-இலும் 1947-இலும் இயற்றப்பட்ட அரச குடும்பச் சட்டங்கள் விலகலுக்கு இடமே தரவில்லை. ஓய்வுபெற்ற பேரரசர் மற்றோர் அதிகார மையமாவதும், பேரரசரைக் கட்டாயப்படுத்தி விலக்குவதும் மீண்டும் நிகழக் கூடாதென்ற அச்சமே காரணம். முதுமையால் கடமையாற்ற இயலாத நிலையை உணர்ந்த பேரரசர் அகிஹிதோ, 2016 ஆகஸ்ட் 8 அன்று மக்களிடம் காணொலி வழியே பேசினார். அரசியல் அதிகாரம் ஏதும் அவருக்கு இல்லை என்று அரசமைப்புச் சட்டம் கூறுவதால், விலக விரும்புகிறேன் என்று நேரடியாகச் சொல்லவும் அவரால் முடியவில்லை. குறிப்பால் உணர்த்தினார், மக்கள் புரிந்துகொண்டனர். 2017 ஜூனில் அவர் ஒருவருக்கு மட்டுமான சிறப்புச் சட்டம் நிறைவேறியது. 2019 ஏப்ரல் 30 அன்று, 85 வயதில், அவர் விலகினார். 1817-க்குப் பிறகு ஜப்பானில் நிகழ்ந்த முதல் முடிதுறப்பு அது.

சட்டத்துக்கு இன்னொரு பக்கமும் உண்டு. ஸ்பெயினின் மன்னர் ஹுவான் கார்லோஸ் 2014 ஜூனில் விலகியதும், பதவியில் இருந்தவரை அவரைக் காத்த சட்டக் காப்பும் அவரை விட்டு நீங்கியது. நாடாளுமன்றம் அவசரமாகச் சட்டத்தைத் திருத்தி, அவர்மீதான வழக்குகளை உச்சநீதிமன்றமே விசாரிக்கும் என்று வகுத்தது. பின்னர் அவருடைய நிதி விவகாரங்கள் குறித்துக் கேள்விகள் எழுந்தபோது, 2020 மார்ச்சில் மகன் ஆறாம் ஃபெலிப்பே தந்தைக்கு வழங்கிய ஆண்டுத் தொகையை நிறுத்தினார். அதே ஆண்டு ஆகஸ்டில் தந்தை ஸ்பெயினை விட்டு அபுதாபிக்குச் சென்றார். விலகியவர் சட்டத்தின் பாதுகாப்பைப் பெறுவார். சட்டத்துக்குப் பதில் சொல்லவும் வேண்டியிருக்கும்.

இந்த நிகழ்வுகளைத் தொகுத்துப் பார்த்தால் நான்கு நிபந்தனைகள் புலப்படுகின்றன. அடுத்து வருபவர் யார் என்பதில் ஐயம் இருக்கக் கூடாது. விலகுபவரின் உயிருக்கும் வாழ்வுக்கும் உறுதி வேண்டும். அந்த உறுதியை, புதிதாக வருபவரின் நல்லெண்ணம் அல்ல, அவரையும் கட்டுப்படுத்தும் சட்டம் அளிக்க வேண்டும். விலகியவர் உண்மையிலேயே விலகியிருக்க வேண்டும். டையோகிளீஷனுக்கு முதல் மூன்றும் இல்லை. ஷிரகாவாவிடம் நான்காவது இல்லை. டென்மார்க்கில் நான்கும் இருந்தன.

டென்மார்க் அரசியிடம் விட்டுக்கொடுக்க அதிகாரம் என்ன இருந்தது என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. இன்றைய ஐரோப்பிய மன்னர்கள் எளிதில் இறங்குகிறார்கள் என்றால், ஏறியிருந்த உயரம் குறைவு என்பதும் ஒரு காரணமே. அப்படியானால் அதிகாரம் மிக்க உயரத்தில் இன்று அமர்ந்திருப்பவர்கள் யார்? முடியணியாத ஆட்சியாளர்கள்.

1999 டிசம்பர் 31 அன்று ரஷிய அதிபர் போரிஸ் யெல்த்சின் திடீரெனப் பதவி விலகினார். தாற்காலிக அதிபராகப் பொறுப்பேற்ற விளாதிமீர் புதின் அன்றே கையொப்பமிட்ட ஆணை, விலகிய அதிபருக்கும் குடும்பத்துக்கும் பாதுகாப்பும் சட்டக் காப்பும் அளித்தது. சிலியின் சர்வாதிகாரி பினோசே வாழ்நாள் செனட்டர் பதவியைத் தமக்கு அரணாக அமைத்துக்கொண்டே விலகினார். ஆனால், 1998-இல் லண்டனில் கைதானார். அந்தக் கைது நீதியின் வெற்றி என்று உலகம் வரவேற்றது. அதே செய்தியைப் பிற நாடுகளின் சர்வாதிகாரிகளும் படித்தார்கள் என்பதையும் மறக்க முடியாது. இறங்குபவருக்கு அளவுக்கு மீறிய பாதுகாப்பு அளித்தால் நீதி தோற்கிறது. பாதுகாப்பே இல்லையென்றால் அவர் இறங்குவதேயில்லை. அதற்கான விலையை மக்கள் கொடுக்கிறார்கள். இரண்டுக்கும் இடையிலான பாதை குறுகலானது.

அந்தப் பாதையை மக்களாட்சி ஓரளவு கண்டறிந்திருக்கிறது. குறித்த காலத்தில் தேர்தல், பதவிக்காலத்துக்கு வரம்பு, தோற்றவருக்குப் பாதுகாப்பும் ஓய்வூதியமும், அவர்மீது வழக்கு என்றால் சுதந்திரமான நீதிமன்றம் ஆகியவை அதன் படிகள். அமெரிக்காவில் ஜார்ஜ் வாஷிங்டன் இரு முறைக்குப் பின் தாமாக விலகி ஏற்படுத்திய மரபு, 1951-இல் 22-ஆவது திருத்தத்தின் வாயிலாகச் சட்டமாயிற்று. ஐந்தாண்டுக்கு ஒருமுறை நாம் இடும் வாக்கு ஒருவரை ஏற்றுவதற்கானது என்றே நினைக்கிறோம். ஏறியவர் அச்சமின்றி இறங்குவதற்கான படியும் அதுவே. பதவிக்கால வரம்பைத் தளர்த்தும் நாடுகளும், தோற்றவரைச் சிறைக்கு அனுப்புவதே வெற்றியின் அடையாளம் என்று கருதும் நாடுகளும் அந்தப் படியைத்தான் பெயர்த்தெடுக்கின்றன.

ஆசிரியர் பணியில் சேர்ந்த நாளிலேயே எனக்கு ஓய்வு பெறும் நாள் தெரிந்திருந்தது. அந்த நாள் வந்தபோது துறையின் சாவியை இளைய பேராசிரியரிடம் கொடுத்துவிட்டு வீடு திரும்பினேன். அதற்கு எந்த மனத்துறவும் எனக்குத் தேவைப்படவில்லை. விதி எல்லாருக்கும் ஒன்றாக இருந்தது, ஓய்வூதியம் அடுத்த மாதமே வந்தது. டையோகிளீஷனிடம் ஆயிரம் வீரர்கள் காவல் நின்றிருக்கலாம். ஒரு சாதாரண ஊழியருக்குக் கிட்டிய இந்த உறுதி அவருக்குக் கிட்டவில்லை.

பெருந்தன்மையுள்ள ஆட்சியாளர்கள் வர வேண்டும் என்று காத்திருப்பது பழைய வழக்கம். பெருந்தன்மை அரிது. அதை நம்பியிருக்கத் தேவையில்லாத ஏற்பாடுகளைச் செய்துகொள்வதே ஒரு சமூகத்தின் முதிர்ச்சி. அரியணையை அமைக்கும்போதே இறங்கும் படிகளையும் சேர்த்து அமைக்காத நாடு, என்றோ ஒரு நாள் அரியணையை உடைத்தே ஒருவரை இறக்க வேண்டியிருக்கும்.